ஆறாம் நம்பர் தறியின் பாட்டு

— மெட்டு மட்டும்தான், தேவசேனா. வார்த்தையெல்லாம் என்னாண்ட பத்திரமா கீது. ஒரே ஒரு தடவ பாடிடு. செல்லுல புடிச்சிக்கினு நான் பேசாம திருப்பதிக்குப் போயிடறேன்.

— இன்னா மேஸ்திரி இது? சித்தூர் பஸ் ஸ்டாண்டுல, பொட்டி மேல உக்காந்துக்கினு, நாப்பத்தஞ்சு வயசு பொம்பள பாடணுமா? சரி சரேலே, துண்ட விரிங்க.

— துண்டு கொண்டாந்திருந்தா விரிச்சிருப்பேன். இந்தப் பைய மட்டும் தூக்கிக்கினு வந்துட்டேன்.

— வெயில்ல ஓடியாந்து நாய் மாதிரி இரைக்குது உங்களுக்கு. மொதல்ல தண்ணி குடிங்க. நான் ஊர விட்டுப் போறத யாரு சொன்னா?

— நம்ம தறி ஷெட்டு வரலட்சுமிதான். "ஆறாம் நம்பர் தறிக்காரி நகரி வீட்டக் காலி பண்ணிட்டா, மகனோட பெங்களூரு போறா, சித்தூர்ல நாலு மணி பஸ்ஸு"ன்னு போன் பண்ணா. சொன்னா நம்ப மாட்டே, செருப்ப மாத்திப் போட்டுக்கினு ஓடியாந்துட்டேன். பாரு, வலது காலு என்னுது, எடது காலு பத்மாவதிது.

— ஐயோ! வீட்ல அக்கா நல்லாகீறாங்களா?

— நல்லாகீறா. இந்நேரம் ஒத்தச் செருப்பக் கையில வெச்சிக்கினு என்னத் திட்டிக்கினு இருப்பா.

— எங்க போறேன்னு அவங்களாண்ட சொன்னீங்களா?

— மாயாஜாலக் கதை விஷயமான்னு சொன்னேன். அது பொய்யில்ல.

— இன்னும் அந்தக் கதைய வுடலயா?

— அதுதான் என்ன வுடல. "கற்கதவுக் கோட்டை." உங்க ஷெட்டுல மேஸ்திரியா இருந்தப்ப மாசா மாசம் பத்திரிகைக்கு எழுதினேனே. நாகலோக ராஜா பொண்ணு கோட்டைக்குள்ள அடைஞ்சு கெடப்பா, ராஜகுமாரன் கதவுக்கு வெளிய நிப்பான். அத இப்ப மெட்ராஸ்ல ஒரு கம்பெனி பேசும் புத்தகமா போடறாங்களாம், செல்லுலயே கேக்கலாமாம். கதைய ஒருத்தர் படிப்பாரு, பாட்ட ஒரு பொண்ணு பாடும். அதுக்குத்தான் மெட்டு.

— பாட்டத் தூக்கிட்டுப் படிக்கச் சொல்லுங்க.

— பத்திரிகை ஆசிரியரும் அப்ப அதத்தான் சொன்னாரு. தாமோதரன்னு பேரு. "பாட்டத் தூக்குய்யா, அந்த எடத்துல இன்னொரு ராட்சசன வுடு"ம்பாரு. யாரு இன்னா சொன்னாலும் சரிங்கன்னு தலையாட்டற ஆளு நானு. அதுக்கு மட்டும் ஆட்டல.

— பாட்டு இன்னா அவ்ளோ முக்கியம்? சண்ட வந்தா போதாதா?

— கத்தியால கதவ ஒடைக்கலாம், தேவசேனா. திறக்க முடியாது. திறக்கறது உள்ள கீறவங்க கையில. குதிர பறக்கட்டும், மல நவுரட்டும், ஆனா ஒருத்தர் மனசுல கீறது இன்னொருத்தருக்குப் போயி சேரணும்னா அங்க பாட்டுதான் வரணும். பாட்டா சொன்னா யாரும் கோச்சிக்க மாட்டாங்க. யாருக்குச் சொன்னேன்னும் கேக்க மாட்டாங்க.

— இவ்ளோ தெரிஞ்சவரா நீங்க?

— எழுதறதுக்கு மட்டும் தெரியும். மத்ததுல மக்கு. பத்மாவதியக் கேளு, பக்கம் பக்கமா எடுத்துச் சொல்லுவா.

— அக்கா உங்க கதைய படிப்பாங்களா?

— ஒரு வரி வுடாம படிப்பா. பாட்டு வந்தா மட்டும் தாண்டிடுவா. ஏன்னு நான் கேட்டதில்ல.

— கடைசியில கதவு திறந்துச்சா?

— எங்க? வீட்டுக்கு வீடு கேபிள் வந்துச்சு. ராட்சசனுங்க எல்லாம் டி.வி.யில வேலைக்குச் சேந்துட்டானுங்க. பத்திரிகைய மூடிட்டாங்க. என் ராஜகுமாரன் இருவது வருஷமா வாசல்லயே நிக்கறான். காலு வீங்கியிருக்கும் பாவம்.

— எனக்கு எங்க தெரியும்? வீட்ல தமிழ் பேசினோம், படிச்சது தெலுங்கு மீடியம். உங்க பத்திரிகையில படம் மட்டும்தான் பாப்பேன். அந்தப் பொண்ணுக்கு மூக்குத்தி நல்லா போட்டிருந்தாங்க.

— வரலட்சுமி கூடவா படிச்சுக் காட்டல?

— அவளுக்கும் எனக்கும் ஒரே ஸ்கூலு.

— அப்ப உன் பாட்டு புத்தகத்துல எப்படி வந்துச்சுன்னே உனக்குத் தெரியாதா?

— தெரியாது. மெட்டு வேணும்னு என்ன ஏன் கேக்கறீங்க? நீங்கதான கேட்டு எழுதினீங்க?

— எங்க கேட்டேன்? இருவத்துநாலு தறி ஒன்னா ஓடற ஷெட்டு. காதாண்ட வந்து கத்தினாக்கூட காத்துதான் வரும். எல்லாரும் ஒதட்டப் பாத்துத்தான பேசிக்கினோம். சன்னலோரம் உன் தறி. நீ பாட்டுக்குப் பாடிக்கினே இருப்பே, நான் தூரத்துலருந்து ஒதட்டப் பாத்து லேபிள் அட்டைக்குப் பின்னால எழுதிக்குவேன். கரண்டு போவும். அப்பாடா, இப்பவாவது மெட்டக் கேக்கலாம்னு ஓடியாருவேன். நீ வாயத் தெச்சுக்குவே.

— ம்.

— மூணு வருஷத்துல ஒரு நாளு கூட கரண்டு போனப்ப நீ பாடினதில்ல.

— நூல் சுத்தின தார் மாத்தற வேல இருக்கும்.

— இருக்கும், இருக்கும். இரு, படிக்கறேன். பழசெல்லாம் பைண்டு பண்ணி எடுத்தாந்துகீறேன். கேட்டா மெட்டு தானா வரும். இது மொதப் பாட்டு. "மழை விட்டதென்று போகாதே மன்னவா, குடை என்னிடம் இருக்கிறது. மறந்தது நீயா, மறைத்தது நானா, மறுபடி வந்து கேட்டுப் போ."

— மன்னவாவா? அது நான் சொல்லல.

— அது மட்டும் என் கைச்சரக்கு. எழுத்தாளன்னு நானும் ஏதாவது போடணுமில்ல.

— கட்டை புடி போட்ட கருப்புக் கொடை. மழையில வந்துட்டு, வுட்டதும் மறந்துட்டுப் போயிட்டீங்க. பதினஞ்சு நாளு என் தறிக்குப் பின்னாலயே வெச்சிருந்தேன்.

— அடுத்தது கேளு. "கிழிந்த கவசம் அணிந்து வராதே, ஊசியும் நூலும் என் கையில். தோளை மட்டும் காட்டி நில், தொடாமல் தைத்துத் தருகிறேன்."

— கவசமா?

— நீ சட்டைன்னுதான் சொன்னே. ராஜகுமாரன் கிழிஞ்ச சட்டையோட வந்தா யாரு மதிப்பா?

— மேஸ்திரிய மதிச்சாங்களே. ஒரே நீலச் சட்டை. தோளாண்ட ரெண்டு வெரல் நீளத்துக்குக் கிழிஞ்சு தொங்கும்.

— சொன்னா நம்ப மாட்டே, நாயுடுபேட்டையிலருந்து செங்கம்மான்னு ஒரு வாசகி எழுதினாங்க. மெட்டு தெரியாம அவங்களே ஒன்னு போட்டு, இந்தப் பாட்டப் பாடித்தான் மகளத் தூங்க வெக்கறாங்களாம்.

— கொழந்த தூங்குச்சாமா?

— அழாம தூங்குச்சாம்.

— சரேலே. அந்த மட்டும் யாருக்கோ ஒதவிச்சே.

— கடைசிப் பாட்டு ஒன்னு கீது. நான் ஷெட்ட விட்டுப் போன அன்னிக்கு நீ பாடினது.

— அத படிக்க வேணாம்.

— நல்ல பாட்டு, தேவசேனா. "வடமலைத் தேரில் ஏறாதே, ஏறினால் இறங்க மாட்டாய். ஒரு சொல் சொல், காத்திரு என்று. பொழுது சாயாமல் பார்த்துக்கொள்கிறேன்."

— தேரு இல்ல, மேஸ்திரி, அது.

— பஸ்ஸுதான். நாகலோகத்துல பஸ் வுட்டா தாமோதரன் அடிப்பாரு.

— எந்த ஊரு பஸ்ஸு?

— மெட்டச் சொல்லு, நேரமாவுது.

— எந்த ஊரு பஸ்ஸு, மேஸ்திரி?

— திருப்பதி.

— அன்னிக்கு ஷெட்டுலருந்து திருப்பதி பஸ் ஏறினது யாரு?

— பெங்களூரு பஸ் இந்தப் பக்கம் நிக்குமா, அந்தப் பக்கமா? உன் மகனக் காணோமே.

— பவன்குமார் அதக் கேக்கத்தான் போயிகீறான். என்னப் பாருங்க. மெட்டு இல்ல. எப்பவுமே இல்ல. நான் பாடவே இல்ல, பேசினேன். உங்களாண்ட பேசினேன். தறி ஓடற சத்தத்துலதான் எனக்குத் தைரியம் வரும், கரண்டு போனா அதுவும் போயிடும். மொத நாளு வந்து "பாட்டு நல்லாகீது, இன்னொரு தடவ பாடு"ன்னீங்க. பாட்டில்லன்னு சொல்ல வெக்கமா இருந்துச்சு. தலையாட்டிட்டேன்.

— தேவசேனா…

— இருங்க, சொல்லிடறேன். நீங்க திருப்பதிக்குப் போயி அக்காவக் கட்டிக்கினு, அவங்க அப்பா பிரஸ்ல உக்காந்தீங்க. என்ன பங்காருபாளையத்துல கட்டிக் குடுத்தாங்க. வீட்டுக்காரரும் நல்ல மனுஷன். மாந்தோப்புல ராவும் பகலும் கஷ்டப்பட்டாரு. அவரு போனப்புறம் நகரிக்கே வந்தேன். உங்க மேல எனக்குக் கோவம் எதுவும் இல்ல. அப்பவே மன்னிச்சிட்டேன்.

— அப்பவேவா?

— ஆமா. பாவம், மேஸ்திரி மக்கு, அவருக்குப் புரியலன்னு எனக்கு நானே சொல்லிக்கினேன். சொல்லிச் சொல்லி மன்னிச்சேன். அதான் நிம்மதியா துன்னேன், தூங்கினேன், புள்ளைய வளத்தேன். அதோ, பவன்குமார் கையாட்டறான். பஸ் வந்துடுச்சு. அந்தப் பொட்டிய எடுங்க. மெட்டு இல்லன்னு உங்க கம்பெனியில சொல்லிடுங்க.

— கம்பெனியே இல்ல, தேவசேனா.

— இன்னாது?

— இங்க வர்ற வழியில பஸ்ல உக்காந்துக்கினு நானே கட்டினது. சும்மா வந்து உன் எதிர்ல நிக்க எனக்கு வாயி வரல, ஒரு கதை தேவப்பட்டுச்சு.

— அப்ப எதுக்கு இவ்ளோ தூரம் வந்தீங்க?

— உன்னாண்ட ஒன்னு சொல்லத்தான். அந்த மன்னிப்ப நீ திருப்பி எடுத்துக்கோ. நீ என்னாண்டதான் பேசறேன்னு கொடைப் பாட்டுலயே எனக்கு அப்பவே புரிஞ்சிடுச்சு. பேச்சுன்னு எடுத்துக்கினா பதில் சொல்லணும், தேவசேனா. பாட்டுன்னா எழுதிக்கினா போதும்.