சைபர் வந்த கணக்கு

திருச்செந்தூரிலிருந்து தூத்துக்குடி போகும் பஸ்ஸில் இருக்கை நாற்பத்தெட்டு, ஆட்கள் அறுபத்திரண்டு. முன்னிருக்கைக்காரர் ஒரு நோட்டைப் பிரித்து, அருகில் நின்ற பள்ளி மாணவியிடம் நீட்டினார்.

"தாயி, எம்மவ கடைசியாப் போட்ட கணக்கு. காய்ச்சல்ல போயிட்டா. சரியான்னு பாத்துச் சொல்லுதியா?"

"என்ன கணக்கு மாமா?"

"கடல்ல சங்கு குளிக்கவனுக்கு என்ன தெரியும்? கடைசியில கிடக்க சைபர் மட்டுந்தான் தெரியுது. சைபர்னா ஃபெயிலுல்லா?"

நானும் எட்டிப் பார்த்தேன். a, b இரண்டின் கூடுதலின் வர்க்கத்திலிருந்து வித்தியாசத்தின் வர்க்கத்தைக் கழிக்க வேண்டும். இரண்டு முற்றொருமைகளையும் அவர் மகள் சரியாகவே எழுதியிருந்தாள். மூன்றாம் வரியில் அடைப்புக்குறியை நீக்கும்போது ஒரே ஒரு குறியை மாற்றாமல் விட்டுவிட்டாள். சரியான விடை 4ab. மாணவியின் விரலும் அந்த வரியில்தான் நின்றது.

"இல்ல மாமா. எல்லாம் அடிபட்டுப் போயிரும். சைபர்தான் விடை."

"சத்தியமா?"

"சத்தியமா."

"அப்பம் டீச்சர் போடுத மாதிரி ஒரு டிக் போட்டுத் தா தாயி."

அவளிடம் நீலப் பேனாதான் இருந்தது. பெரிதாகவே போட்டாள்.