பிளைவுட் துந்துக்

ஆட்டுக் கம்பளி லேசில் தீப்பிடிக்காது, ஐயா. கருகும், நாறும், அவ்வளவுதான். அதனால் சினிமாவில் கூடாரம் எரிய வேண்டுமென்றால் பருத்தித் துணியில் கட்டி பெட்ரோல் தெளிப்போம். இசிக்குல் ஏரிக்கரையில் அன்றைக்கும் அப்படித்தான் செய்தோம். நீங்கள் போலீஸ் அறிக்கையில் 'விபத்து, செட் வேலையில் கவனக்குறைவு' என்று எழுதியிருக்கிறீர்கள். அதைத் திருத்தத்தான் வந்தேன். வேலையில் ஒரு குறையும் இல்லை.

பெக்தூர் அண்ணன் எங்கள் ஆர்ட் டைரக்டர். வரைவது, செதுக்குவது, புதுச் சாமானைப் பழசாக்குவது எல்லாம் நான். மேடையேறி விருது வாங்குவது அவர். அது போகட்டும். எதைச் செய்து கொடுத்தாலும் முகம் சுளிப்பார், அதுதான் வயிற்றெரிச்சல்.

இந்தப் படத்துக்குத் தன் அப்பாவின் துந்துக்கைக் கொண்டுவந்திருந்தார். உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. கூடாரக் கூரையின் உச்சியில் இருக்கும் அந்த மரவளையம் உங்கள் வீட்டிலும் அப்பாவிடமிருந்து கடைக்குட்டிக்குத்தான் வந்திருக்கும். தீக்காட்சிக்கு முன்னால் அதை இறக்கிவிட்டு நகலை ஏற்றுவதாக ஏற்பாடு. நகலை நான் பிளைவுட்டில் செய்தேன். புகைக்கறை, கொழுப்புப் பிசுக்கு, கயிறு அறுத்த தடம், ஓரத்து விரிசல், ஒன்றையும் விடவில்லை.

எல்லோரும் டீ குடிக்கும்போது அதைத் தட்டிப் பார்த்தார்.

"ஏய் சாய்கல், இது துந்துக்கா, பீட்சா டப்பா மூடியா? எங்கப்பா பார்த்தா இன்னொரு தடவ செத்துருவாரு."

அத்தனை பேரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

"சரி சரி, புகைல யாருக்குத் தெரியப் போகுது. ஏத்தித் தொலை."

அவர் சாப்பிடப் போயிருந்தபோது ஆட்களை வைத்து மாற்றினேன். அசலைக் கம்பளத்தில் சுற்றி லாரியில் பத்திரமாக வைத்தேன். ஆட்களைத் தண்ணீர் டேங்கர் பக்கம் அனுப்பிவிட்டேன்.

தீ வைத்ததும் அவர் அருகில் போய் நின்றேன்.

"அண்ணா, மாத்த மறந்துட்டாங்க. மேல இருக்கறது அப்பாவோடது."

"வெளையாடாத."

"நீங்களே பாருங்கண்ணா."

பார்த்தார். கையால் வெயிலை மறைத்துக்கொண்டு நன்றாகவே பார்த்தார். விரிசலைக் கண்டதும் முகம் வெளிறிவிட்டது. "அய்யோ, அப்பா" என்று கோட்டைத் தலையில் போட்டுக்கொண்டு உள்ளே ஓடினார். நம் கிர்கிஸ் ஆட்களில் யாராக இருந்தாலும் ஓடியிருப்பார்கள். அது தெரிந்துதான் சொன்னேன்.

'அது நான் செஞ்சது, திரும்பி வாங்க' என்று கத்தியிருக்கலாம். கூப்பிடு தூரம்தான். லாரியைக் கை காட்டியிருந்தால்கூடப் போதும். நான் வாயைத் திறக்கவில்லை. டேங்கர் ஆட்கள் குழாயோடு ஓடி வருவதற்குள் கூரைக் கழிகள் சரிந்துவிட்டன. அவரைக் கொன்றது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள்.

கூடவே இதையும் எழுதுங்கள். வெளியே எடுத்தபோது வளையத்தில் எரியாமல் மிஞ்சியதை நெஞ்சோடு கட்டிப்பிடித்திருந்தார். இத்தனை வருஷத்தில் அண்ணன் என் வேலையைப் பாராட்டியது அன்றைக்குத்தான்.