அக்கா முன் வைத்த மைக்

புத்தகம் வைத்திருப்பவனுக்கு எந்த வீடும் போதாது. இதில் குற்றம் எதுவும் இல்லை, அதிகாரியம்மா; இதை நீங்கள் எழுதிக்கொள்ளக்கூட வேண்டாம். ஓய்வு பெற்று நான் அக்கா வீட்டுக்கு வந்த அன்று, என் புத்தகங்களை ஏற்றிய லாரி பாலத்தில் ஏறியதும் பாலம் முனகியதாக ஓட்டுநர் சொன்னார். எனக்கென்னவோ முனகியது ஓட்டுநர்தான் என்று பட்டது.

எல்லாம் காலனியத்தைப் பற்றியவை. கப்பலேறிப் போன கனவான்கள் கண்ட இடத்தையெல்லாம் தங்களுடையது என்று எப்படி எழுதிவைத்தார்கள், அங்கே இருந்தவர்களின் வாயில் தங்கள் சொற்களை எப்படித் திணித்தார்கள் என்று வாழ்நாளெல்லாம் பாடம் நடத்தியவன் நான். மாணவர்கள் எனக்கு அடிக்குறிப்பு என்று பெயர் வைத்திருந்தார்கள். ஒரு வரி பேசினால் அதன்கீழ் ஒன்பது வரி விளக்கம் சொல்வேனாம். அபாண்டம். பதினைந்துக்குக் குறைந்து நான் சொன்னதே கிடையாது.

அக்காவிடம் முதலில் ஒரே ஒரு அலமாரிக்குத்தான் இடம் கேட்டேன். அலமாரிக்குத் துணையாக ஒரு சுவர். சுவருக்குத் துணையாகக் கூடம். அக்காவின் மகள் வேறு ஊரில் வேலை பார்க்கிறாள், வாரக்கடைசியில் வருவாள். ஒருமுறை வந்தவள் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு கூடத்தைச் சுற்றிச் சுற்றி வந்தாள்.

"மாமா, சாப்பாட்டு மேசை எங்க?"

"பயண இலக்கியத்துக்குக் கீழ இருக்கும் பாரும்மா."

"இடத்தைக் கொடுத்தா மடத்தைப் புடுங்கின கதையால்ல இருக்கு."

அக்கா சிரித்தாள். "விடுடி. அவனுக்கு நம்மள விட்டா யாரு இருக்கா?"

அப்போது அக்காவுக்குப் பேச்சு இருந்தது. ஆகவே இதை அவளே சொன்னதாகப் பதிவு செய்துகொள்ளலாம்.

பிறகு பக்கவாதம் வந்தது. வலது கையும் பேச்சும் போயின. புத்தி துளியும் போகவில்லை, நீங்கள் சொல்வதெல்லாம் அவருக்கு விளங்கும் என்றார் டாக்டர். மகள் தன்னோடு அழைத்துப்போகிறேன் என்றாள். அக்கா இடது கையைத் தூக்கி வாசலைக் காட்டினாள். படிக்காதவன் என்றால் 'போகலாம்' என்று அவசரப்பட்டு அர்த்தம் பண்ணியிருப்பான்.

"வாசலைப் பாத்துக்கிட்டு இங்கயே இருந்துக்கறேங்கறா" என்றேன்.

"அப்படியாம்மா?"

அக்கா தலையைப் பலமாகப் பக்கவாட்டில் ஆட்டினாள்.

"பாத்தியா, உன்மேல வருத்தமே இல்லையாம்."

அக்கா போய்விட்டால் வீட்டை விற்றுவிடுவார்கள்; புத்தகங்கள் தெருவுக்கு வந்துவிடும். இதை நான் ஒரு பொருட்டாகவே நினைக்கவில்லை. தூங்காமல் நினைத்துக்கொண்டிருந்தேன், அவ்வளவுதான்.

அந்தச் சமயத்தில்தான் 'வாய் மூடிய நிலம்' எனக்குள் உதித்தது. பின்காலனியச் சிந்தனையில் அப்படியொரு நூல் வந்ததில்லை. இனி வராமலிருக்கவும் வாய்ப்புண்டு. அதில் அக்காதான் நிலம். ஆளப்பட்டவளுக்குப் பேச முடியாமல் போகவில்லை, ஆள்கிறவனின் மொழி வேண்டாமென்று அவளே நாக்கைத் திரும்பப் பெற்றுக்கொண்டாள் என்பது என் வாதம். அவள் என்மேல் டம்ளரை எறிந்த சம்பவத்துக்கு மட்டும் தனி இயல். பதிப்பாளர் கைப்பிரதியைப் படித்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எந்தப் பக்கத்தில் என்று நான் கேட்கவில்லை. கடைசிப் பக்கம் வந்துவிட்ட நிம்மதியாகவும் இருக்கலாம்.

அச்சகத்திலிருந்து மெய்ப்பு திருத்துவதற்கு வந்த வாரத்தில் ஒரு சங்கடம். அக்காவுக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்க ஒரு பெண் வருவாள். படம் போட்ட அட்டைகளும், வாயசைவைப் பார்த்துக்கொள்ள ஒரு கண்ணாடியும் கொண்டுவருவாள். அன்றைக்கு அட்டைகளை அள்ளிக்கொண்டு ஓடிவந்தாள்.

"சார், இன்னைக்கு 'தண்ணி'ன்னு தெளிவாச் சொல்லிட்டாங்க. இப்படியே போனா சீக்கிரம் நல்லாப் பேசிடுவாங்க."

என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். ஐந்தாம் இயலின் முடிவே அவள் இனி பேசமாட்டாள் என்பதுதான். ஒரு தண்ணிக்காக ஓர் இயலையே மாற்ற முடியுமா? இனி வரவேண்டாம் என்று அந்தப் பெண்ணிடம் சொன்னேன்.

"அம்மாவே சொன்னாங்களா சார்?"

"கையால சொன்னாங்க."

அக்காவிடம் நான் குரலை உயர்த்தியதே கிடையாது. அவள் 'த' என்று தொடங்குவாள். தலையணையா என்று கேட்டுக் கொண்டுவந்து வைப்பேன். மறுபடியும் 'த' என்பாள். தலை வலிக்கிறதா என்று தைலம் தேய்த்துவிடுவேன். தண்ணீர் கைக்கு எட்டாத தூரத்தில், அவள் கண்ணில் படும்படி இருக்கும். இப்படி அன்பாக உதவிக்கொண்டே இருந்தால் யாருக்கும் பேசுவதில் ஆர்வம் குறைந்துவிடும். அக்காவுக்கும் குறைந்தது.

அடுத்த வீட்டுக்காரிதான் குசலம் விசாரிக்கிறேன் பேர்வழி என்று வந்து அவள் வாயைக் கிண்டினாள். அதனால் அக்காவைப் பின்பக்க அறைக்கு மாற்றினேன். சின்ன அறை, ஆனால் அமைதியானது. வெளியே ஒரு தாழ்ப்பாள் போட்டால் இன்னும் அமைதி. உள்ளேயிருந்து எப்போதாவது சத்தம் வரும். சொல் என்று சொல்ல முடியாத சத்தம். மெய்ப்புப் பார்க்க எனக்குக் கவனம் வேண்டாமா? வானொலியைச் சற்று உரக்க வைத்துக்கொள்வேன். மகள் வரும் நாளில் தலைவாரி, நல்ல புடவை கட்டி, கூடத்தில் கொண்டுவந்து உட்காரவைப்பேன். "அம்மா இளைச்சுட்டாங்களே மாமா" என்பாள். "சிந்தனை" என்பேன்.

வெளியீட்டு விழாவில் செய்த ஏற்பாடு முழுக்க என் மூளையில் விளைந்தது. மேடை நடுவே சக்கர நாற்காலியில் அக்கா. அவள் வாய்க்கு நேரே ஒரு மைக். பேசாதவள் முன்னால் வைத்த மைக், அவையின் மனசாட்சியைப் பிடித்து உலுக்கும் குறியீடு. மைக்செட்காரர் சந்தேகம் கேட்டார்.

"அம்மா பேசமாட்டாங்கன்னா ஆஃப் பண்ணிடட்டுமா சார்?"

"அணைச்சு வச்சா அது வெறும் கம்பிப்பா. உயிரோட இருந்தாத்தான் மௌனம் கேக்கும்."

என் வாழ்நாளில் நான் உதிர்த்த மிக ஆழமான வாக்கியம் அது. அதனால்தான் இப்போது உங்கள் முன்னால் உட்கார்ந்திருக்கிறேன்.

நான் ஐந்தாம் இயலை வாசித்துக்கொண்டிருந்தேன். அரங்கம் கொள்ளாத கூட்டம். முன்வரிசை நிறைந்திருந்தது என்றாவது எழுதிக்கொள்ளுங்கள். அக்கா முன்னால் சாய்ந்தாள். முதலில் அவள் மூச்சு ஒலிபெருக்கியில் வந்தது. பிறகு குரல்.

"கதவ... பூட்டாதடா."

நான் தயங்கவில்லை. அறிவின் கதவுகளைப் பூட்டாதே என்று ஆளப்பட்ட நாடுகள் ஆண்ட நாடுகளைப் பார்த்துக் கேட்கின்றன என்று அந்த இடத்திலேயே விளக்கினேன். பேராசிரியர்கள் குறிப்பெடுத்தார்கள். ஒருவர் கைகூடத் தட்டினார். கெடுத்தது மகள்தான். மேடையேறி அம்மாவின் காலடியில் உட்கார்ந்து, "எந்தக் கதவும்மா?" என்றாள்.

கேட்டுவிட்டுப் பேசாமல் காத்திருந்தாள். இது எந்த ஆய்வு முறையில் சேர்த்தி என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை. நான் உதவிக்குப் போனேன்.

"மாமா, நீங்க வாய மூடுங்க."

அக்கா நிறைய நேரம் எடுத்துக்கொண்டாள். "பின்னாடி... ரூம். வெளிய... தாப்பா." அப்புறம் என்னைக் கையால் காட்டினாள். அந்தக் கையசைவுக்கு மட்டும் யாரும் என்னிடம் விளக்கம் கேட்கவில்லை.

ஆம், பூட்டினேன். பேச்சு திரும்பி வருகிறது என்று தெரிந்தே பயிற்சியை நிறுத்தினேன். வந்த சொல்லையும் வாயிலேயே வற்றவைத்தேன். எதையும் மறுக்கவில்லை. ஆனால் அவள் மௌனத்தைப் பற்றி இவ்வளவு பரிவோடு வேறு யாரும் எழுதியதில்லை. அதையும் ஓர் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

அடுத்ததாக அக்காவைத் தனியாக உட்காரவைத்துக் கேட்கப்போவதாகச் சொல்கிறீர்கள். ஒரு சொல்லுக்கு ஒரு யுகம் எடுத்துக்கொள்கிறாள், பாவம். உங்களுக்கும் வேலை இருக்கும். எதற்கு வீண் சிரமம், புதுத் தாளை எடுங்கள், அவள் வாக்குமூலத்தையும் நானே சொல்லிவிடுகிறேன்.