தேவயானியின் பதினோரு நிமிடம்

மாதையன் கொண்டுவரும் புளியில் கொட்டையே இருக்காது, சார். சுத்தமாகத் தட்டி, உருட்டி, துணியில் முடிந்து தருவார். நான் கேட்டு வாங்கியதில்லை.

கண்ணமங்கலத்தில் செல்போன் பழுது பார்ப்பது என் பிழைப்பு. படம்தான் உயிர். அதற்காகக் கேமராவைத் தூக்கிக்கொண்டு அலைவதில்லை. ஜனங்கள் கைபோன போக்கில் எடுத்துவிட்டு மறந்த வீடியோக்களை வெட்டி ஒட்டிப் படமாக்குவேன். இதற்கு ஒரு சட்டம் உண்டு. அது கேட்பாரற்றதாக இருக்க வேண்டும். கேட்க ஆள் இருந்தால் அது வெறும் வீட்டு வீடியோ.

மாதையன் ஜவ்வாது மலையில் சாமை போடுகிறவர். மகள் தேவயானி போன ஆடியில் காய்ச்சலில் போய்விட்டாள். மழையில் நனைந்து செத்திருந்த அவள் போனைக் கொண்டுவந்து வைத்தார்.

"வேற இன்னாவும் வேணாங்க. பொண்ணு கொரலு மட்டும் எடுத்துக் குடுத்தா போதும்."

அன்று மாலையே எடுத்துவிட்டேன். போனை மரத்தில் சாய்த்து வைத்துவிட்டு, புளி பொறுக்கிக்கொண்டே அப்பனைக் கேலி செய்கிறாள். பாதி நேரம் தலையே தெரியவில்லை. படித்தவனுக்கு அப்படி ஒரு கோணம் வராது. எனக்கு ஒரு பிரதி எடுத்துக்கொண்டு, போனில் இருந்ததை அழித்தேன். எல்லாம் போய்விட்டது என்று மறுநாள் அவரிடம் சொன்னேன்.

அவர் விடவில்லை. சந்தைக்கு இறங்கும்போதெல்லாம் புளியோடு வந்து, இன்னொரு தடவை பார்க்கச் சொல்வார். பார்ப்பதுபோல் பார்ப்பேன். மேசையில் என் போன் அவர் பேச்சைப் பதிந்துகொண்டிருக்கும். நாலாவது வாரம் மெதுவாகச் சொன்னார்:

"அது கொரலு எப்டி இருக்கும்னே மறந்து போவுதுங்க."

எனக்கு உடம்பு சிலிர்த்தது. படத்துக்கு முடிவு கிடைத்துவிட்டது. பதினோரு நிமிடமும் ஊமை. கடைசியில் அந்த ஒரு வாக்கியம் மட்டும். வேலூரில் திரையிட்டபோது ஒருவர்கூட இருமவில்லை. அங்கே பார்த்துவிட்டுத்தான் மாதையனின் அண்ணன் மகள் பூஜா உங்களிடம் புகாரோடு வந்தாள். அவள்மேல் எனக்குக் கோபமில்லை.

நேற்று அவருக்கு இங்கே ஸ்டேஷனில் படத்தைப் போட்டுக் காட்டினீர்கள். மகளின் வாய் அசைவதைப் பார்த்து, சத்தம் வைக்கச் சொன்னார். நீங்களும் பட்டனை அழுத்திக்கொண்டே இருந்தீர்கள். வீண் சிரமம், சார். திரையிடுவதற்கு முந்தின நாளே குரலை எல்லா இடத்திலும் அழித்துவிட்டேன், யாராலும் மீட்க முடியாதபடி. அவள் பேசியது எனக்கு மனப்பாடம்; அவர்தான் என்னைக் கேட்கவில்லை.

குரல் எங்காவது மிச்சமிருந்தால் அவர் சொன்னது நடிப்பாகிவிடும். என் படத்தில் நான் பொய்யை விடுவதில்லை.