செர்ரி மரப் பீரங்கி

முன் சீட்டில் இருப்பது வெடிகுண்டுக் கும்பல் என்றுதான் முதலில் நம்பினேன். அதுவும் தமிழ் பேசும் கும்பல், மடியில் புளியோதரை டப்பா வேறு. பிரின்ஸ்டன் ஜங்ஷனில் ரயில் கிளம்பியதும் அங்கிருந்த பெண் பக்கத்திலிருந்த தன் அப்பாவிடம் சொன்னது இது:

“செர்ரி மரத்துலயே பீரங்கி செய்யலாம்ப்பா. சுத்தி இரும்பு வளையம் போட்டா போதும்.”

போலீசைக் கூப்பிட நான் போனில் 911 அழுத்தப் போனேன். அவசரத்தில் முதலில் டார்ச்தான் எரிந்தது. அதை அணைத்துவிட்டு அழுத்தினேன். பச்சைப் பட்டன் மட்டும் பாக்கி.

“மரம் வெடிச்சிடுமே” என்றார் அப்பா.

“வெடிக்கும்னு தெரிஞ்சேதான் பக்கத்துல நின்னாங்க. நூத்தம்பது வருஷம் முந்தி, பல்கேரியாவுல மலையடிவாரத்துல ஒரு சின்ன ஊர், துருக்கி சுல்தானை எதிர்த்து. இவானோட ஊருதான்.”

“இவான் புராணம் வேண்டாம்மா. இந்தக் கல்யாணத்துக்கு நான் ஒத்துக்கலைன்னு சொல்லிட்டேன்.” சற்றுப் பொறுத்து, “உள்ள என்ன லைனிங்?” என்றார்.

“செம்பு. ரோஜா எண்ணெய் காய்ச்சுற குழாயைப் பிடுங்கி உள்ள செருகினாங்க.”

“அதானே அவங்க பொழப்பு?”

“ஆமாம்ப்பா.”

“ஜெயிச்சாங்களா?”

“இல்ல. சுல்தானோட ஆளுங்க ஊரையே எரிச்சுட்டாங்க. தப்பிச்சவங்க திரும்பி வந்து, அங்கேயே வீடு கட்டி, மறுபடி ரோஜா நட்டாங்க. இவான் வீட்டுல இன்னிக்கும் ரோஜாதான்.”

நியூ பிரன்ஸ்விக் வரை அவர் ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறகு கேட்டார்: “கல்யாண மாலைக்குப் பூ அங்கேயே கிடைக்குமா?”

அந்தப் பெண் அவர் தோளில் சாய்ந்து அழுதாள். நான் 911-ஐ அழித்தேன்.