கோழிக்கூட்டுக்கு ஒரு ஃபைபர் லைன்

நித்தியா: நூத்தி முப்பது மீட்டரா? கோழிக்கூட்டுக்கா?

கலாவதி: ஆமா. கேமரா மாட்டப் போறேன். முட்டை காணாமப் போவுது.

நித்தியா: வீட்டுலேருந்து அவ்ளோ தூரத்துலயா கோழி வளக்குறீங்க, ஆன்டி?

கலாவதி: கோழிக்கும் நிம்மதி வேணும்ல... நீ அந்த நீல லேன் கேபிள அளந்து வெட்டு.

நித்தியா: அது சரிவராது லா. நூறு மீட்டர் தாண்டுனா லைன் விட்டு விட்டு வரும். அதோட செம்புக் கம்பிய வெளிய இழுத்தா ஒரு இடி போதும்... ரெண்டு பக்க ரௌட்டரும் கருகிடும்.

கலாவதி: ரெண்டு பக்கமா? கோழிக்கூட்டுல ஏது ரௌட்டரு?

நித்தியா: அதத்தான் நானும் கேக்குறேன். சரி விடுங்க. ஃபைபரே எடுத்துக்குங்க. உள்ள கண்ணாடி இழை, கரண்டு ஏறாது. இரும்புக் கம்பி சேத்ததும் இருக்கு, சேக்காததும் இருக்கு. உங்க பக்கம் அடிக்கிற இடிக்குச் சேக்காததுதான் நல்லது.

கலாவதி: கண்ணாடின்னா ஒடஞ்சி போவாதா?

நித்தியா: மடிச்சாத்தான் ஒடையும். திருப்புற எடத்துல ஒரு டீக் கப்பு வாய் அளவுக்கு வட்டமா விட்டுட்டாப் போதும். அந்த லோங்காங்கத் தாண்டுற எடத்துல மட்டும் குழாய்க்குள்ள...

கலாவதி: எந்த லோங்காங்கு?

நித்தியா: ம்? இல்ல... எல்லா வீட்டுப் பக்கமும் தண்ணி போற லோங்காங்கு ஒண்ணு இருக்கும்ல...

கலாவதி: என்னமோ நேர்ல பாத்தவ மாதிரி சொல்ற. ஆமா, இந்த நுனியெல்லாம் எதுக்குப் பச்சை, நீலம்னு ரெண்டு கலரு?

நித்தியா: கண்ணாடியத் தேச்ச விதம் வேற வேற. பச்சைக்குப் பச்சை, நீலத்துக்கு நீலம். மாத்திச் சொருவுனா வெளிச்சம் வீணாப் போயிடும். உங்களுக்கு நீலம். அப்புறம் ரெண்டு முனைக்கும், வெளிச்சத்த இன்டர்நெட்டா மாத்துற பெட்டி ரெண்டு. ஒண்ணு ஏ, ஒண்ணு பி.

கலாவதி: ரெண்டுமே ஏ குடு. நல்லதாவே இருக்கட்டும்.

நித்தியா: ஐயோ ஆன்டி, பரீட்சை மார்க்கா இது! ஏ அனுப்புற வெளிச்சத்த பி புடிக்கும். பி அனுப்புறத ஏ புடிக்கும். ரெண்டும் ஏன்னா, ரெண்டும் கத்திக்கிட்டே கெடக்கும். ஒண்ணு சொல்றது ஒண்ணுக்குக் கேக்காது.

கலாவதி: எங்க வீட்டுக்காரரும் சுப்பிரமணியமும் மாதிரி. ஐயய்யோ, சொல்லிட்டேனா?

நித்தியா: சொல்லிட்டீங்க. அப்போ கோழிக்கூடு, செம்பனைத் தோட்டத்துக்கு அந்தப் பக்கம் இருக்கிற சுப்பிரமணியம் அங்கிள் வீடா?

கலாவதி: அவருக்கு யாரு குடுத்தா? அவரு மவளுக்கு. விஷாலினிக்கு. திங்கக்கெழம ஆன்லைன் இண்டர்வியூ, ராவாங்ல ஆபீஸ் வேலை. போன தடவ கைப்பேசி லைன்ல பேசுனா... பாதியில மூஞ்சி அப்படியே நின்னு போச்சாம். வேலையும் போச்சு.

நித்தியா: அவங்க சொந்தமா லைன் போட்டுக்கலாமே?

கலாவதி: கேட்டாங்க. ரோட்டுக் கம்பத்துல இருக்கிற லைன் பெட்டி நெறஞ்சிருச்சாம். கடைசி எடத்த நாங்க புடிச்சிட்டோம். அத நெனச்சாலே எனக்குச் சோறு எறங்கல.

நித்தியா: உங்க வீட்டுக்காரரு, செல்லன் அங்கிளுக்குத் தெரியுமா?

கலாவதி: உன் வாயில... தெரிஞ்சா வீடு ரெண்டாயிடும்! கோயில் கமிட்டித் தேர்தல்ல அந்தாளுகிட்ட மூணு ஓட்டுல தோத்தாரு. பதினோரு மாசமாச்சு, அந்தப் பக்கம் கழுத்தத் திருப்பல. ஆனா அந்தப் புள்ள... எங்க வீட்டுக்காரரு தோள்ல உக்காந்து தேர் பாத்த புள்ள. அதுக்கு என்ன தெரியும், ஓட்டும் கமிட்டியும்? சரி சரி, பையில போடு. அவரு இல்லாத நேரமாப் பாத்து இழுத்துடணும்.

நித்தியா: ஆன்டி... இத நான் உங்களுக்கு விக்க முடியாது.

கலாவதி: ஏன்? கோல சிலாங்கூர்ல வேற கடையில்லன்னு நெனச்சியா?

நித்தியா: அதில்ல. ஒருத்தருக்கு வாக்குக் குடுத்திருக்கேன். வாயத் தெறக்க மாட்டேன்னு.

கலாவதி: யாருக்கு?

நித்தியா: உங்க வீட்டுக்காரருக்கு.

கலாவதி: அவருக்கா?

நித்தியா: முந்தாநேத்து என்னக் கூட்டிட்டுப் போயி லோங்காங்கு வரைக்கும் காட்டுனாரு. நேத்து வந்து இதே கேபிள், இதே ரெண்டு பெட்டி, எல்லாத்தையும் எடுத்து வைக்கச் சொல்லிட்டாரு. நாளைக்குக் காலையில நான்தான் இழுக்க வரேன். சுப்பிரமணியம் அங்கிள்கிட்ட அவரே பேசிட்டாராம். 'எங்க வீட்டுக்காரிக்கு மட்டும் தெரியக் கூடாது, பதினோரு மாசம் முறைச்சதுக்குச் சிரிச்சே கொன்னுடுவா'ன்னாரு... ஆன்டி? அழுவுறீங்களா?

கலாவதி: சிரிக்கிறேன் மா... அதான் காலையில எங்கிட்ட, 'கலா, நாளைக்கு ஜெராம் போயி நல்ல மீனாப் பாத்து வாங்கிட்டு வா, அவசரமே இல்ல'ன்னாரா! மீனெல்லாம் ஒண்ணும் வேணாம்னு வெடுக்குன்னு சொல்லிட்டேன். வீட்டுக்குப் போன ஒடனே, நாளைக்கு மீன் வாங்கப் போறேன்னு சொல்லிடுறேன். மத்தியானம் வரைக்கும் திரும்ப மாட்டேன். நீ ஒண்ணும் சொல்லல. நான் இங்க வரவே இல்ல.