கால் கிலோ வரமொளகா

— அதெல்லாம் இருக்கட்டும் ஷாஹுல். எங்க நைனாவ எப்ப நிம்மதியா இருக்க விடப்போற, அதச் சொல்லு.

— மொதல்ல உக்காரு லாஸ்யா. ஏழு வருசம் கழிச்சுப் பாக்கறோம். மேக்கப் போட்டுட்டாங்க, மூஞ்சிய வேர்க்க வெச்சுப்போடாத. நாலு மணிக்கு ஷோ. கீழ சேர் போடற சத்தம் கேக்குதா? ஆயிரத்து எரநூறு சேரு.

— உன்ற ஷோவப் பாக்க நான் வரல. வாசல்ல செக்யூரிட்டிகிட்ட "ஷாஹுலோட பழைய மேடை பார்ட்னர்"னு சொன்னேன். "அப்படி யாரும் இருந்ததா சார் சொன்னதே இல்லீங்களே"ங்கறான்.

— நல்ல லைன். அவனுக்கு ஒரு எபிசோடு குடுக்கலாம் போல.

— உனக்கு எல்லாமே லைன்தான். டிவில வாராவாரம் வர்றானே ராமுலு மாமா, அவன் யாரு?

— ஒரு கேரக்டரு.

— எங்க நைனாடா அது. சிங்காநல்லூர் சுந்தரராஜுலு. மில்லுல முப்பத்தொரு வருசம் ஃபிட்டரா இருந்த மனுசன். அதே நீலச் சட்ட, அதே குடை. யாரு என்ன கேட்டாலும், செத்துப்போன எங்கம்மா போட்டோவப் பாத்து "அவளைக் கேட்டுச் சொல்றேனுங்க"ங்கறது. காலைல ரெண்டு டம்ளர்ல காபி ஊத்தி ஒண்ண அம்மாவுக்கு வெக்கறது. எங்க ஊட்டுக்குள்ள இருந்த சமாச்சாரம் அது. எடுத்துட்டுப் போயி ஊரே சிரிக்க வெச்சுப்போட்ட.

— ஊரு மட்டுமில்ல. மலேசியாவுலயும் சிரிக்கறாங்க.

— வெக்கமா இல்ல உனக்கு?

— சென்னைக்குப் போன புதுசுல இருந்துச்சு. மூணு வருசம் அடுத்தவன் பேருல எழுதுனேன். ஒருநா ஒரு பெரிய காமெடியன், நான் எழுதுன ஜோக்க என்கிட்டயே சொல்லிக் காட்டி, "எப்படி, புரிஞ்சுதா"ன்னான். நானும் புதுசாக் கேக்கற மாதிரி சிரிச்சேன். அன்னைக்கு விட்டதுதான் வெக்கம். இப்ப டைட்டில்ல எழுத்துன்னு என்ற பேரு தனியா வருது.

— அப்பெல்லாம் மேடையில நான் உன்னவிட நல்லாப் பண்ணுவேன்.

— அதுல என்ன சந்தேகம்? பேக்கரி மாடி. கையில காகிதம் இல்ல, ஒத்திகை இல்ல. பாக்க வந்தவங்க ஒரு வார்த்தை குடுப்பாங்க, அத வெச்சு ஒரு மணி நேரம் நாடகம் கட்டுவோம். இம்ப்ரோவுன்னா ஏதோ இங்கிலீஷ் மருந்துன்னு நெனச்சாங்க நம்ம ஊர்ல. வர்றது ஏழு பேரு. நீ வாயத் தொறந்தா ஏழு பேரும் சிரிப்பாங்க. நான் தொறந்தா மொத வரிசையில உங்க நைனா மட்டும் சிரிப்பாரு.

— அந்த ஒரு மனுசனத்தான் வித்துப்போட்ட.

— இதுவும் நல்ல லைன். நீ ஏன் லாஸ்யா எழுத வரல?

— தெரிஞ்சுக்கிட்டே கேக்கற பாரு. அம்மா படுத்துட்டாங்க. நீ ரயிலேறுன, நான் மூத்திரச் சட்டி எடுத்தேன். இப்ப பெருந்துறையில ஒரு காலேஜுல, இன்டர்வியூவுக்குப் போற பசங்களுக்கு எப்படிச் சிரிக்கணும்னு கிளாஸ் எடுக்கறேன். திருப்தியா?

— பல்லு தெரியணுமா, தெரியக்கூடாதா?

— வெளாடாத ஷாஹுல். நைனா இப்ப எப்படி இருக்காருன்னு தெரியுமா உனக்கு? சிங்காநல்லூர் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் தல காட்ட முடியல. கண்டக்டரு, பூக்காரம்மா, ஸ்கூல் புள்ளைங்க, எல்லாரும் "ஏனுங் மாமா, அவங்களக் கேட்டாச்சுங்களா"ன்னு கத்தறாங்க. மனுசன் கூசிப்போயிட்டாரு. இப்பெல்லாம் காலைல ஒத்த டம்ளருதான். அம்மாவுக்கு ஊத்தறதையே உட்டுட்டாரு. நாலு வருசமா நிக்காதது உன்னால நின்னுபோச்சு.

— அப்படியா.

— அப்படித்தான். அந்த ஊர்ல அவர இனி வெச்சுக்க முடியாது. ஆனைமலைப் பக்கம் முதியோர் இல்லம் ஒண்ணு பாத்திருக்கேன். சுத்தமான எடம், தோப்புக்குள்ள. வெள்ளிக்கெழம கொண்டுபோயிச் சேக்கறேன். இதுக்கெல்லாம் காரணம் நீதான்னு உன் மூஞ்சிக்கு நேரா சொல்லிப்போட்டுப் போலாம்னுதான் வந்தேன்.

— அவருகிட்டச் சொல்லியாச்சா?

— அங்க இருக்கற மாசாணியம்மன் கோயிலுக்குப் போறோம்னு சொல்லியிருக்கேன். கும்பிட்டுப்போட்டு, சாப்பிட்டு, அப்புறமா... அங்க போயிச் சொல்லிக்கலாம்.

— சரின்னாரா?

— ஒரு வார்த்தை எதுத்துப் பேசல. "ஆமா அம்மணி, போலாம். போற வழியில கால் கிலோ வரமொளகா வாங்கிக்கலாம்"னாரு.

— மொளகா எதுக்காம்?

— கோயமுத்தூருக் கோட்டமேட்டுலயே பொறந்தும் இது உனக்குத் தெரியாதா? நமக்கு அநியாயம் பண்ணுனவங்க பேரச் சொல்லி, அங்க மொளகா அரைச்சு நீதிக்கல்லுல பூசுவாங்க. ஆத்தா கணக்குத் தீர்த்துருவா. அவரு யாரு பேரச் சொல்லுவாருன்னு நெனக்கற? ஒடம்பெல்லாம் எரியப்போகுது உனக்கு.

— என்ற பேருன்னு அவரு வாயால சொன்னாரா?

— சொல்லணுமாக்கும்? வேற யாருடா இருக்கா?

— சரி. உனக்கு என்ன வேணும் லாஸ்யா?

— ராமுலு மாமா இனி வரக்கூடாது. முடிச்சுரு.

— முடிச்சாச்சு. இன்னும் ஒரே ஒரு எபிசோடு. அதோட அவரு கெளம்பிடறாரு.

— நெசமாவா?

— ராமுலு மாமா போறாரு, ஆனா அவரு மக வர்றா. புதுக் கேரக்டரு. அதுக்கு மூணு வாரமா ஆள் தேடறோம், ஒருத்தியும் சரியா அமையல. நீ பண்றியா?

— என்ன, பிச்சையா?

— பிச்சை போட எனக்கு வராது. ஆளு வேணும். உன்னைவிட அந்தப் பொண்ணப் பண்ண ஆளில்ல. மொதல்ல ஒரு சீனு. ஜனங்களுக்குப் புடிச்சுதுன்னா வாராவாரம் அவ பேருலயே கத ஓடும்.

— காலேஜுல லீவு கேக்கணும்.

— அந்தக் காலேஜுப் பசங்கதான் உன்னை டிவில பாப்பாங்க. என்னா, ஆமாவா இல்லயா? மேடையில நாம கத்துக்கிட்டது ஒண்ணே ஒண்ணுதான். எதுத்த ஆளு எதக் குடுத்தாலும் இல்லேன்னு சொல்லப்படாது. ஆமான்னு வாங்கிக்கணும். வாங்கிட்டு அதுக்கு மேல ஒண்ண நாமளா வெக்கணும்.

— ஆமா.

— மேல?

— ஆமா. டைட்டில்ல என்ற பேரு உன்ற பேருக்கு முன்னால வரணும்.

— பேஷ். வந்து கால் மணி நேரம்கூட ஆகல. நைனாவுக்கு நியாயம் கேக்க வந்தவ, டைட்டிலுக்கு வந்துட்ட.

— நீதான இழுத்து உட்ட! ஏழு வருசமா என்கிட்ட யாருமே எதுவுமே கேக்கலடா. நல்லாப் பண்ணுவியேன்னு ஒருத்தரும் சொல்லல. ஆசைப்படக்கூடாதா நான்?

— படலாம். யாரு வேண்டாம்னா?

— சரி, சீனச் சொல்லு. எப்படி ஆரம்பிக்குது?

— காரு. மக ஓட்டறா. பக்கத்து சீட்டுல அப்பா, மடியில மஞ்சப்பை. "கோயிலுக்குப் போறோம்பா"ங்கறா அவ. பின்னால டிக்கியில அவரு பெட்டி இருக்குது. நாலு வேட்டி, பிரஷர் மாத்திரை, ஸ்வெட்டர். மேல ஒரு பழைய பெட்ஷீட்டப் போட்டு மூடியிருக்கா. அவருக்கு அது தெரியும். தெரியாத மாதிரி சீட் பெல்ட் போட்டுக்கறாரு. அவரு பெல்ட்டப் போடறதுக்குப் படற பாட்டுலதான் காமெடி.

— ஷாஹுல்.

— அந்தப் பெட்டியில மக வெக்க மறந்தது ஒண்ணு இருக்குது. ரெண்டாவது காபி டம்ளரு. அத ராத்திரியே அவரு எடுத்து உள்ள வெச்சுக்கிட்டாரு.

— பெட்டிய முந்தாநேத்துதான் டிக்கியில வெச்சேன். உனக்கு யாருடா சொன்னது?

— ஞாயித்துக்கெழம காலைல பத்து மணிக்கு, நீ சந்தைக்குப் போனதும் எனக்கு ஒரு போன் வரும். மூணு வருசமா வருது. "ஏனுங் தம்பி, இந்த வாரம் ஒண்ணு சிக்கியிருக்குதுங்க"ன்னுதான் ஆரம்பிப்பாரு. நீலச் சட்டை, குடை, காபி டம்ளரு எல்லாம் அவரு குடுத்தது. ஒண்ணுகூட நான் திருடல. இந்த வாரம் ஞாயித்துக்கெழம வரைக்கும் அவருக்குப் பொறுக்கல, நேத்தே கூப்பிட்டுட்டாரு.

— பொய். எங்க நைனா வாயே தொறக்க மாட்டாரு.

— உங்கூட்டுல தொறக்க மாட்டாரு. என்கிட்டத் தொறப்பாரு. நான் சிரிக்கறேன்ல. மொத வரிசையில உக்காந்து எனக்கு ஒத்த ஆளாச் சிரிச்ச மனுசன். இப்ப அவருக்கு நான் ஒருத்தன் சிரிக்கறேன்.

— பஸ் ஸ்டாண்டுல அவர அவமானப்படுத்துனாங்க.

— செவ்வாக்கெழம, வெள்ளிக்கெழம சாயங்காலம் நீலச் சட்டய இஸ்திரி போட்டுக்கிட்டு அங்க போயி நிக்கறதே அவங்க கூப்பிடணும்னுதான். அவருகூட நின்னு போட்டோ எடுத்துக்கறாங்க, அதையெல்லாம் எனக்கு அனுப்புவாரு. கூசிப்போனது அவரில்ல லாஸ்யா. உனக்குத்தான் கூசுது.

— டம்ளரு? அத நிறுத்துனாரே, அது?

— ஊடு பாக்க ஆளுங்க வந்தாங்கல்ல, விக்கறக்கு. அவங்க முன்னாடி ரெண்டாவது டம்ளரப் பாத்து உன் வீட்டுக்காரரு ஸ்ரீனிவாஸ் முறைச்சாரு. நீ அன்னைக்கு ராத்திரி, "வர்றவங்க பயப்படறாங்க நைனா, ஒத்த டம்ளரு போதும்"னு சொன்ன. ஸ்ரீனிவாஸுக்குப் புனேவுக்கு மாத்தலாகி ரெண்டு மாசமாச்சு. நீங்க குடிபோற எடத்துல ரெண்டே ரூம்பு. நைனாவுக்கு எடமில்ல. இதுல எங்க நான் வந்தேன்?

— நீ மட்டும் யோக்கியமா? எல்லாம் தெரிஞ்சு ஏன் ஒரு போன் பண்ணல? "பண்ணாத லாஸ்யா"ன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமில்ல? அவ்வளவு பாசம்னா நீ கூட்டீட்டுப் போ. உனக்குத்தான் சென்னையில நாலு ரூம்பு ஊடு இருக்குதே!

— எனக்கெதுக்கு? எனக்கு அவரு வாரம் பத்து நிமிசம் போதும்.

— தூ.

— துப்பு. மேக்கப்புல படாம துப்பு.

— அவரு... இந்தச் சீனுக்கும் சரின்னாரா? தன்னைக் கொண்டுபோயி உடறத எழுதச் சொன்னாரா?

— அவருதான் சொன்னாரு. "மக கோயில்னு ஒரு நாடகம் போடறா தம்பி. உங்ககிட்டக் கத்துக்கிட்டதுதான், இல்லேன்னு சொல்லப்படாதில்ல. ஆமான்னு வாங்கிப்போட்டு, மேல ஒண்ணு வெச்சேன், மொளகா"ன்னு சொல்லிச் சிரிச்சாரு. நானும் சிரிச்சேன். அப்புறம், "என்ற பேருக்குங்களா மாமா அரைக்கறீங்க"ன்னு கேட்டேன்.

— என்ன சொன்னாரு?

— "அவளைக் கேட்டுச் சொல்றேன் தம்பி"ன்னாரு. போன வெச்சுட்டாரு. கொஞ்ச நேரத்துல திரும்பக் கூப்பிட்டாரு, அம்மாவக் கேட்டாச்சுன்னு.

— யாரு பேருடா?

— நாலு மணி ஆகப்போவுது லாஸ்யா, நான் கீழ போகணும்.

— சொல்லிப்போட்டுப் போ! யாரு பேரு?

— "எங்க அம்மணி பேருக்குத்தான் தம்பி. அரைக்கறப்ப மட்டும் அவளக் கொஞ்சம் தள்ளி நிக்கச் சொல்லிப்போடுங்க, அவளுக்குச் சின்னதுல இருந்தே மொளகா நெடி ஆகாது"ன்னாரு.